வஞ்சி என்னும் சொல்
(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)

 

ஆண்டு விழா என்றால் பாட்டு உண்டு. சிறுவர் நாடகம் உண்டு. இறுதியில் வடையும் காப்பியும் உண்டு. இவற்றின் நடுவே இலக்கியச் சொற்பொழிவு ஒன்றையும் வைத்து, அச்சுமையை என் தலையில் ஏற்றியிருக்கிறார் செயலாளர். காப்பி ஆறுவதற்குள் முடித்துவிடுவதாக அவருக்கு வாக்களித்திருக்கிறேன். ஆதலின் பெரும்பொருள் எதனையும் தொடாமல், ஒரே ஒரு சொல்லை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். வஞ்சி என்பது அச்சொல்.

இதனை நான் தேர்ந்ததற்கு ஒரு காரணம் உண்டு. ஞாயிறுதோறும் நம் சங்கக் கட்டிடத்தில் குழந்தைகளுக்குத் தமிழ் வகுப்பு நடைபெறுவதை அறிவீர்கள். சில திங்களுக்கு முன் அவ்வகுப்பில் சிலப்பதிகாரக் கதையைச் சொன்னேன். அந்நூல் புகார்க் காண்டம், மதுரைக் காண்டம், வஞ்சிக் காண்டம் என மூன்று பகுதிகளை உடையது என்று கூறிவிட்டு, "புகார் என்றால் என்ன?" என்று கேட்டேன். "போலீசில் கொடுப்பது" என்றான் ஒரு சிறுவன். "மதுரை?" என்றேன். "எங்கள் பாட்டி ஊர்" என்றாள் ஒரு சிறுமி. "வஞ்சி?" என்றபோது சற்று நேரம் எவரும் வாய் திறக்கவில்லை. பிறகு பின்வரிசையிலிருந்து, "ஏமாற்று என்று பொருள், சார்" என்று விடை வந்தது.

அப்போது நானும் சேர்ந்து சிரித்தேன். வீடு திரும்பும் வழியில் அந்தச் சிரிப்பு மறைந்தது. அப்பிள்ளை சொன்னது முற்றும் பிழையன்று. வஞ்சித்தல் என்றால் ஏமாற்றுதலே. அது வடமொழி வழியாக வந்த வேறொரு சொல். ஆனால் நம் முன்னோர் மரத்திற்கும் பூவிற்கும், படையெடுப்பிற்கும் பாவிற்கும், பேரரசன் தலைநகருக்கும் பெண்ணின் மென்மைக்கும் வைத்த பெயர் அது. அத்தனையும் போய், ஏமாற்று ஒன்றே அக்குழந்தையின் நெஞ்சில் எஞ்சியது. அது குழந்தையின் குற்றமா? அதற்குக் கற்பித்த என் குற்றமா? இதனை எண்ணிப் பார்த்ததன் பயனே இன்றைய பேச்சு.

முதலில் மரத்தைப் பார்ப்போம். பத்துப்பாட்டுள் ஒன்றாகிய குறிஞ்சிப்பாட்டில் கபிலர் தொடுத்துக் கூறும் பூக்களின் வரிசையில் வஞ்சிக்கும் இடமுண்டு. ஐங்குறுநூற்றின் மருதப் பாட்டொன்று, வஞ்சி ஓங்கி நிற்கும் வளமிக்க ஊரைப் பேசுகிறது. ஓங்கி நிற்பது என்றால் அது படரும் கொடியாதல் அரிது. நீர்வளம் மிக்க நிலத்தில் நிமிர்ந்து வளரும் மரம் என்றே கொள்ளத் தோன்றுகிறது. பிற்காலத்தில் வஞ்சியைக் கொடி என்றனர் பலர். பிரம்பு என்றனர் சிலர். பெண்ணின் இடைக்கு அதனை உவமையாக்கி, வஞ்சிக்கொடி என்றும், பின்னர்ப் பெண்ணையே வஞ்சி என்றும் பாடிய புலவர் பலர். சங்க இலக்கியச் செடிகொடிகளை ஆராய்ந்தோருள், இது ஆற்றுப்பாலை என வழங்கும் மரமே எனக் கருதுவோர் உளர். தாவர நூலார் அதனைச் 'சாலிக்ஸ் டெட்ராஸ்பெர்மா' என்பர். ஆற்றங்கரையிலும் ஓடைக்கரையிலும் வளர்வது. வேல்முனை போன்ற நீண்ட இலையும், அவ்விலையின் அடிப்புறத்தில் வெண்மையும் உடையது. வளைத்தால் வளையும் மெல்லிய கிளைகளை உடையது. ஆண்பூ ஒரு மரத்திலும் பெண்பூ மற்றொரு மரத்திலும் சிறு கதிர்களாகத் தோன்றும். இக்கருத்தே எனக்கும் பொருத்தமாகப் படுகிறது. மெல்லென வளையும் அக்கிளையைக் கண்டவர், பெண்ணுக்கு அப்பெயர் வந்ததை எண்ணி வியக்கமாட்டார்.

இனிப் போரைப் பார்ப்போம். பகைவன் நிலத்தைக் கைக்கொள்ளக் கருதிப் படையெடுத்துச் செல்வதற்கு வஞ்சித் திணை என்று பெயரிட்டார் தொல்காப்பியர். படை செல்லும் வீரர் வஞ்சிப் பூவைச் சூடுவர் என்பது மரபு. இதில் நாம் கருத வேண்டிய நுட்பம் ஒன்று உண்டு. அகத்திணையாகிய முல்லைக்குப் புறமாக அமைந்த திணை வஞ்சி என்கிறார் அவர். முல்லை என்பது யாது? கார்காலத்தில், வினைமேற் சென்ற கணவன் வரவை நோக்கி மனைவி வீட்டில் ஆற்றியிருப்பது. அதே காலத்தில் அக்கணவன் பாசறையில் இருப்பது வஞ்சி. வீட்டுக்கு உள்ளே பார்த்தால் முல்லை. வெளியே பார்த்தால் வஞ்சி. பிரிவு ஒன்றே, அதன் முகம் இரண்டு. பெட்டியும் படுக்கையுமாக இரயிலேறி இவ்வூருக்கு வந்து, முதற்சம்பளத்தில் பாதியை மணியார்டராக அனுப்பிய நம் சங்க முதியவர்களுக்கு இவ்விலக்கணத்தை விளக்கவும் வேண்டுமோ? அவர்கள் வஞ்சியில் இருந்தார்கள். ஊரில் நம் தாய்மார் முல்லையில் இருந்தார்கள்.

அடுத்தது பா. வெண்பா, ஆசிரியப்பா, கலிப்பா, வஞ்சிப்பா எனத் தமிழ்ப் பாக்கள் நான்கு. வஞ்சிப்பாவின் அடிகள் குறுகியவை. இரண்டு சீராலோ மூன்று சீராலோ வரும். அதன் ஓசையைத் தூங்கலோசை என்பர். தூங்கல் என்றால் இங்கே உறக்கமன்று, தொங்கி அசைதல். நீரின்மேல் தாழ்ந்து அசையும் கிளையைப் போன்ற ஓசை என்று நான் எண்ணிக்கொள்வேன். சோழன் கரிகாலன்மேல் கடியலூர் உருத்திரங்கண்ணனார் பாடிய பட்டினப்பாலை 301 அடிகளை உடையது. அதில் வஞ்சியடிகள் மிகுதியாக வருதலின் அதற்கு வஞ்சி நெடும்பாட்டு என்றும் ஒரு பெயர் உண்டு. அப்பாட்டின் தலைவன், செல்வமெல்லாம் நிறைந்த புகார் நகரமே கிடைப்பதாயினும் காதலியைப் பிரிந்து வாரேன் எனத் தன் நெஞ்சிடம் கூறிச் செலவு தவிர்க்கிறான். அவன் நின்றுவிட்டான், நாம் வந்துவிட்டோம். அது வேறு செய்தி!

இனி நகரத்துக்கு வருவோம். சேரர் தலைநகர் வஞ்சி. அது எங்கே இருந்தது? இவ்வினாவை எழுப்பிவிட்டால் நம் குடியிருப்பில் இரவு பத்து மணி வரை விளக்கணையாது. கரூர்க்காரர் ஒரு புறமும், கேரளத்து நண்பர் ஒரு புறமும் வரிந்து கட்டுவர். ஆன்பொருநையாகிய அமராவதியின் கரையில் உள்ள கரூரே வஞ்சி என நிறுவ, இரா. இராகவையங்கார் வஞ்சிமாநகர் என்றே ஒரு நூல் செய்தார். சேர அரசரைப் பற்றி 1937-இல் நூல் வெளியிட்ட கே. ஜி. சேஷையர், மேலைக் கடற்கரையில் கொடுங்கல்லூரை அடுத்த திருவஞ்சைக்களத்தை வஞ்சி என்றார். கரூர்ப் பக்கத்துப் புகழூர் மலையில் சேர மன்னரைக் குறிக்கும் தமிழ்ப் பிராமிக் கல்வெட்டு உள்ளது. அமராவதி ஆற்று மணலில் சேரர் காசுகளும் உரோமர் காசுகளும் கிடைத்துள்ளன. மறுபுறம், திருவிதாங்கூர் மன்னர் வஞ்சிபாலர் என்னும் பட்டத்தைத் தாங்கினர். அந்நாட்டை வஞ்சிநாடு என்பதும் வழக்கு. மலையாளத்தில் வஞ்சி என்றால் படகு. படகுப் பாட்டுக்கு வஞ்சிப்பாட்டு என்று பெயர். கோயிலில் காணிக்கை இடும் உண்டியலையும் அவர்கள் வஞ்சி என்பர். இவ்வழக்கை இன்று தீர்த்துவைக்க நான் வரவில்லை. ஓர் ஊரின் பெயருக்காக இரு பக்கத்தாரும் இவ்வளவு அன்போடு சண்டையிடுவதைக் காண எனக்கு மகிழ்ச்சியே.

இங்கே ஓர் ஐயம் எழும். மரமும் வஞ்சி, நகரமும் வஞ்சி என்றால், பாட்டில் எது எது என்று அறிவது எப்படி? சங்கப் புலவர் இதற்கு ஓர் அழகிய வழி கண்டனர். சோழன் நலங்கிள்ளியின் கொடையைப் பாடும் கோவூர் கிழார், பாடி வந்தவர்க்கு அவன் பூக்காத வஞ்சியையும் கொடுப்பான் என்கிறார். பூப்பது மரம், ஆகவே பூக்காத வஞ்சி என்றால் நகரம். இத்தகைய சொல்லாட்சியை வெளிப்படை என்பர் இலக்கண நூலார். மாறோக்கத்து நப்பசலையார் என்னும் புலவர், கிள்ளிவளவன் வாடாத வஞ்சியை வாட்டியவன் என்கிறார். மரத்தின் பூ வாடும், நகரம் வாடாது, அந்த வாடாததையும் போரால் வாட்டினான் சோழன் என்பது கருத்து. இம்மரபை அறிந்தே, செங்குட்டுவன் வடதிசைக்குப் புறப்பட்டதைக் கூறுமிடத்து இளங்கோவடிகள், பூக்காத வஞ்சியாகிய நகரில் பூத்த வஞ்சியை அவன் தன் மணிமுடியில் சூடினான் எனப் பொருள்படப் பாடினார். கண்ணகிக்குக் கல் எடுக்க இமயம் நோக்கிச் சென்றவன், கங்கையைக் கடந்து சென்றவன், தலையில் வைத்துக்கொண்டு வந்தது அந்தப் பூவை.

அன்பர்களே! இப்பகுதியை மீண்டும் படித்தபோது என்னுள் ஒரு வெட்கம் எழுந்தது. முப்பது ஆண்டுகளாக வஞ்சிக் காண்டத்தின் பெயரைக் குழந்தைகளுக்குச் சொல்லி வருகிறேன். காஞ்சி, வாகை, தும்பை, உழிஞை என்று அடுக்கி ஒப்பிக்கச் செய்திருக்கிறேன். ஆனால் வஞ்சி மரத்தை நான் ஒரு நாளும் கண்டதில்லை. காண முயன்றதும் இல்லை. என்னிடம் இருந்தது பூக்காத வஞ்சி. அதையே பிள்ளைகளுக்கும் கொடுத்தேன். பொருளைக் காட்டாமல் பெயரை மட்டும் கொடுத்தால், அந்தப் பெயருக்குள் வேறு பொருள் வந்து குடியேறிவிடும். வெற்று வீட்டில் அயலார் புகுவது இயல்பன்றோ?

கடந்த குளிர்காலத்தில், வனத்துறையில் பணி செய்து ஓய்வு பெற்ற நண்பர் ஒருவருடன் நம் குடியிருப்புக்கு அப்பால் ஓடும் ஆற்றின் கரையில் நடந்தேன். என் குறையை அவரிடம் சொன்னேன். அவர் தமிழர் அல்லர். நான் சொன்ன தாவரப் பெயரைக் கேட்டதும் நகைத்தார். "இதைத் தேடியா இத்தனை ஆண்டு காத்திருந்தீர்கள்? நாள்தோறும் இதன் நிழலில்தானே நிற்கிறீர்கள்!" என்று கையால் காட்டினார். நீரை நோக்கிச் சாய்ந்து நின்றது ஒரு மரம். இலையைத் திருப்பிப் பார்த்தேன், அடியில் வெண்மை. கிளையை வளைத்தேன், வளைந்தது. இமயத்தின் அடிவாரம் முதல் தென்னாடு வரை, நீர் ஓடும் இடங்களில் எல்லாம் வளரும் மரமாம் அது. செங்குட்டுவன் முடியில் சூடி வந்த பூ, அவன் வருவதற்கு முன்பே இங்கும் பூத்துக்கொண்டிருந்தது போலும்!

நம் ஊரையும் உறவையும் விட்டு வந்தோம். மொழியை மட்டும் கொண்டுவந்தோம் என்று நாம் அடிக்கடி சொல்லிக்கொள்கிறோம். மொழியிலும் பாதியைத்தான் கொண்டுவந்தோமோ என்று எனக்கு ஐயம். பெயரைக் கொண்டுவந்தோம்; பெயருக்குரியது இங்கேயே இருப்பதைக் காணவில்லை. வேம்பும் அரசும் ஆலும் கொன்றையும் இந்நகரத் தெருக்களில் நிற்கின்றன. நம் பிள்ளைகள் அவற்றை இவ்வூர் மொழியில் அழைக்கின்றனர். அது நன்றே, அவர்கள் வாழும் மொழி அது. அவற்றின் தமிழ்ப் பெயரையும் அந்நிழலில் வைத்தே அவர்களுக்குச் சொல்வது நம் கடன். அதற்குப் புத்தகம் வேண்டா; கட்டணம் வேண்டா; மாலை நடை ஒன்று போதும்.

ஆகவே ஓர் அறிவிப்புடன் முடிக்கிறேன். வருகின்ற ஞாயிறன்று தமிழ் வகுப்பு சங்கக் கட்டிடத்தில் நடைபெறாது. ஆற்றங்கரையில், அம்மரத்தடியில் நடைபெறும். பெற்றோரும் வரலாம், பாட்டிமார் வந்தால் இன்னும் நலம். கரூர்க்காரரும் கொடுங்கல்லூர்க்காரரும் அங்கே தங்கள் வழக்கைத் தொடரலாம். வஞ்சி என்றால் ஏமாற்று என்று சொன்ன அப்பிள்ளைக்கு, முதல் இலையைப் பறித்துக் கொடுக்க எண்ணியிருக்கிறேன். இத்தனை நாள் பெயரைக் காட்டிப் பொருளைக் காட்டாமல் வஞ்சித்தவன் நான்; அக்கடனை அவனிடமே தீர்க்க வேண்டும்.

காப்பி இன்னும் ஆறவில்லை என நம்புகிறேன்.