வெற்றியில் களிக்காத முகம்



திரைப்படம் என்றால் தலைவன் ஒருவனையே நினைப்பது மக்கள் இயல்பு. ஆயினும், தலைவனைச் சூழ்ந்து நிற்கும் மாந்தர் மெய்யாகத் தோன்றாவிடில் தலைவனும் பொய்யாகிவிடுவான். அந்த மெய்ம்மையைத் தருபவரே குணச்சித்திர நடிகர். ஜப்பானியத் திரையுலகில் அத்தகையோருள் தலையாயவர் தகாஷி ஷிமுரா (1905-1982). உலகம் போற்றும் கலைப்படங்களிலும் அவர் நடித்தார். சிறுவர் வேடிக்கை என்று திறனாய்வாளர் ஒதுக்கிய இராட்சத விலங்குப் படங்களிலும் நடித்தார். இரண்டிலும் அவர் நடிப்பு ஒரே தரத்தது. அந்த ஒருமையில் ஓர் அறம் உறைகிறது.

ஹியோகோ மாநிலத்தில் இகுனோ என்னும் வெள்ளிச் சுரங்க ஊரில், சாமுராய் மரபினர் குடும்பத்தில், 1905 மார்ச் 12 அன்று அவர் பிறந்தார். ஒசாகா நகரக் குடிநீர் அலுவலகத்தில் பணியாற்றிக்கொண்டே கன்சாய் பல்கலைக்கழக மாலை வகுப்பில் ஆங்கில இலக்கியம் பயின்றார். நாடகப் பித்து அலுவலகப் பணியைப் பறித்தது; மேடை அவரைத் திரைக்கு அனுப்பியது. இடதுசாரி நாடகக் குழுவினரோடு கொண்டிருந்த தொடர்புக்காக, சிந்தனையையே குற்றமாகக் கண்ட அரசியல் காவல்துறை அவரைச் சில வாரங்கள் சிறை வைத்தது. பின்னர், 1946இல், அகிரா குரொசாவாவின் 'என் இளமைக்கு வருந்தவில்லை' என்னும் படத்தில் அதே காவல்துறையின் அதிகாரியாக அவர் நடித்தார். தம்மை வதைத்தவனின் முகத்தைத் தம் முகத்தில் ஏற்றுக் காட்டுவது எளிய செயலன்று.

குரொசாவா இயக்கியவை 30 படங்கள். அவற்றுள் 21இல் ஷிமுரா இடம்பெற்றார். முதற்படமான 'சன்ஷிரோ சுகாதா' 1943இல் வெளிவந்தபோது அவர் வயது 38. ஏற்றதோ முதிய மற்போர் ஆசானின் வேடம். 'ராஷோமோன்' (1950) படத்தில் விறகுவெட்டி. 'இகிரு' (1952) படத்தில் தலைமைப் பாத்திரம்: காகிதங்களில் முத்திரை குத்தியே வாழ்நாளைக் கழித்துவிட்ட நகராட்சி அலுவலர், வயிற்றுப் புற்றால் சாவு நெருங்கிய பின், குழந்தைகளுக்கு ஒரு பூங்கா அமைத்துவிட்டு மடிகிறார்.

1954ஆம் ஆண்டு

அவர் வாழ்வில் 1954 தனித்து எண்ணத்தக்கது. அவ்வாண்டு மார்ச் 1 அன்று, பிகினித் தீவில் அமெரிக்கா வெடித்த ஹைட்ரஜன் குண்டின் சாம்பல், 'ஐந்தாம் நற்பேற்று நாகம்' என்னும் பெயர் தாங்கிய ஜப்பானிய மீன்பிடிக் கப்பலில் இருந்த 23 பேர் மீதும் பொழிந்தது. செப்டம்பர் 23 அன்று கப்பலின் வானொலி இயக்குநர் உயிர்நீத்தார். இந்தத் துயரின் நடுவே, ஏப்ரலில் 'ஏழு சாமுராய்' வெளிவந்தது. நவம்பர் 3 அன்று இஷிரோ ஹோண்டாவின் 'கோஜிரா' வெளிவந்தது. உலகம் 'காட்ஸில்லா' என்றழைப்பது இதனையே. இரண்டிலும் ஷிமுரா இருந்தார்.

முன்னதில் அவர் சாமுராய்களின் முதுதலைவர் கம்பெய். பின்னதில் தொல்லுயிர் ஆய்வாளர் யமானே. தொல்காப்பியர் அச்சத்தின் நிலைக்களன்களை நான்காக வகுத்தார். கள்வரும் விலங்கும் அவற்றுள் இரண்டு. கள்வரால் விளையும் அச்சம் முதற்படம். விலங்கால் விளையும் அச்சம் இரண்டாவது. கோஜிரா ஒரு குன்றின் மேல் தலைதூக்கும்போது ஊரார் அஞ்சி ஓடுகின்றனர். யமானேயின் முகத்தில் அச்சத்தோடு மருட்கையும் தோன்றுகிறது. எல்லாரும் அதனைக் கொல்லத் துடிக்க, குண்டின் கதிர்வீச்சையும் தாங்கி உயிர்த்திருக்கும் அவ்வுயிரை ஆராய வேண்டும் என்கிறார் அவர். கேட்பார் இல்லை. தம் அறையில் விளக்கையும் அணைக்கச் செய்து இருளில் தனித்து அமர்கிறார். இரப்பர் உடைக்குள் ஒரு மனிதர் நடக்கும் படத்தில், அந்த ஒரு முகத்தால் பார்ப்போர்க்கு அழுகை பிறக்கிறது. விலங்கை மெய்யாக்கியது எய்ஜி சுபுராயாவின் தந்திரக்காட்சிக் கலை மட்டுமன்று. அதனை நம்பிய ஷிமுராவின் கண்களும்தாம்.

இரு படங்களின் இறுதியையும் இணைத்து எண்ணுதல் வேண்டும். கள்வர் ஒழிந்தனர், உழவர் பாட்டோடு நாற்று நடுகின்றனர். நான்கு தோழரின் புதைமேட்டின் முன் நிற்கும் கம்பெய், வெற்றி உழவருடையதே, நமக்குத் தோல்வியே என்கிறார். கோஜிரா மாண்டது, கப்பலில் ஆரவாரம் எழுகிறது. யமானே மட்டும் களிக்கவில்லை. அணுகுண்டுச் சோதனைகள் தொடருமாயின் இன்னொரு கோஜிரா எங்கேனும் எழக்கூடும் என்கிறார். ஒரே ஆண்டில், ஒரே முகம், இரு வெற்றிகளின் நடுவே நின்று களிக்க மறுத்தது. சாமுராய்ப் படம் உயர்ந்தது, விலங்குப் படம் தாழ்ந்தது என்னும் வேறுபாடு அம்முகத்தில் இல்லை.

கத்தரிக்கோலும் கலைஞரும்

அந்த எச்சரிக்கைக்கு நேர்ந்தது யாது? 1956இல் அமெரிக்கர் அப்படத்தை வெட்டி ஒட்டித் தம் நாட்டு நடிகர் ஒருவரை நுழைத்து வெளியிட்டனர். யமானேயின் இறுதிச் சொற்கள் அதில் இல்லை. உலகம் பிழைத்தது என்னும் ஆறுதலோடு படம் முடிந்தது. குண்டு வெடித்த நாட்டின் திரையில் குண்டுக்கு எதிரான சொல் காணாமற்போனது.

ஷிமுரா அதன் பின்னும் அவ்வகைப் படங்களை விட்டு விலகவில்லை. 'மோத்ரா' (1961) படத்தில் நாளிதழ் ஆசிரியர். மூன்று தலை நாகம் வரும் 'கிடோரா' (1964) படத்தில் மனநல மருத்துவர். சில காட்சிகளே உடைய வேடங்கள். எனினும் எதனையும் அவர் இகழ்ச்சிப் புன்னகையோடு நடித்ததில்லை. முதுமையில், 1980இல், 'ககெமுஷா'வில் அவருக்கென்றே குரொசாவா ஒரு சிறு வேடம் எழுதினார். வெளிநாடுகளுக்குச் சென்ற படியில் அக்காட்சியையும் வெட்டிவிட்டனர். அவர் அப்படத்தில் இருந்ததையே பலர் அறியவில்லை. 1982 பிப்ரவரி 11 அன்று அவர் மறைந்தார். வெட்டப்பட்டவை பின்னாளில் மீண்டன: 2004இல் கோஜிராவின் மூல வடிவம் அமெரிக்க அரங்குகளில் திரையிடப்பட்டது, 'ககெமுஷா'வின் முழு வடிவமும் பின்னர் அங்கே குறுந்தட்டில் கிடைத்தது.

சொல்லை ஆள்வோர்க்கு இவ்வாழ்வு உணர்த்துவது ஒன்றுண்டு. தமக்குக் கிடைத்த இடம் அரங்கின் நடுவா, ஓரமா என்று ஷிமுரா பார்க்கவில்லை. நின்ற இடத்தில் மெய்யாக நின்றார். ஆரவாரம் எழும்போது இறந்தோரை நினைப்பதற்கு ஒருவர் வேண்டும். காவியத்திற்கும் அவர் வேண்டும். வேடிக்கைக் கதைக்கும் வேண்டும். அந்த ஒருவராக அவர் நின்றார். கத்தரிக்கோல் காட்சியை வெட்டியது. அவர் நின்ற நிலையை வெட்ட இயலவில்லை.