பதினான்கு நாளில் நம் காணியின் கதி
(வாகரைக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



2006ஆம் ஆண்டில் சம்பூர் மக்கள் வெருகல் ஆற்றைக் கடந்து, உயிரைக் கையிற் பிடித்தபடி இவ்வழியே வந்ததை நீங்கள் கண்டீர்கள். அவர்களுக்குச் சோறிட்டவர்களும் இங்கே இருக்கலாம். சில மாதங்களில் நீங்களும் ஓட நேர்ந்தது. நீங்கள் 2007இல் திரும்பத் தொடங்கினீர்கள். அவர்களுக்கோ ஊர் மூடப்பட்டது. முதலில் உயர் பாதுகாப்பு வலயம். 2012இல் கைத்தொழில் வலயம். அதில் 818 ஏக்கருக்குரிய வர்த்தமானியை 2015 மே மாதத்தில் ஜனாதிபதி இரத்துச் செய்யும்வரை, உரிமையாளர் முகாம்களிற் கிடந்தனர். கையில் உறுதி இருந்தது. காலடியில் மண் இல்லை!

அரசாங்கம் நிலமே எடுக்கலாகாது என்று நான் சொல்ல வரவில்லை. பாடசாலைக்கும் பாதைக்கும் நிலம் வேண்டும். ஆனால் அதற்கு 1950ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கக் காணி சுவீகரிப்புச் சட்டம் முறை வகுத்திருக்கிறது. 2ஆம் பிரிவின்படி மும்மொழியிலும் அறிவித்தல் ஒட்டப்பட வேண்டும். 4ஆம் பிரிவின்படி ஆட்சேபனை கேட்கப்பட வேண்டும். அதற்குத் தவணை குறைந்தது 14 நாள். பின்னரே 5ஆம் பிரிவின் பிரகடனம். அது வெளியானபின் "இது பொதுத் தேவையன்று" என வாதிடும் வாசல் பெரிதும் அடைபட்டுவிடும். 38ஆம் பிரிவிலோ "அவசரம்" என்றொரு சொல் உண்டு. அதைக் காட்டி உடனே உடைமை கொள்ளவும் இயலும். நமது அரசியலமைப்பில் சொத்துரிமை அடிப்படை உரிமையாக இடம்பெறவில்லை. ஆதலால் இந்த நடைமுறைதான் நமக்குள்ள வேலி.

அவ்வேலிக்கு வலுவூட்டியது மானெல் பெர்னாண்டோ வழக்கு. "பொதுத் தேவைக்கு" என்று மொட்டையாக எழுதினாற் போதாது, எத்தேவை என்று அறிவித்தலிற் சொல்ல வேண்டும் என உயர் நீதிமன்றம் தீர்த்தது. நோக்கம் அறியாதவன் எதனை ஆட்சேபிப்பான்?

2013 ஏப்ரிலில் வலிகாமம் வடக்கில் 6,381 ஏக்கருக்கு அறிவித்தல் ஒட்டினார்கள். உரிமையாளரைக் கண்டறிய இயலவில்லையாம்! அவர்களோ சில கல் தொலைவில் முகாம்களில் இருந்தனர். ஆயிரத்துக்கு மேற்பட்டோர் மேன்முறையீட்டு நீதிமன்றம் சென்றனர். 2025 மார்ச்சில் வேறொரு சட்டம் வந்தது: காணி நிர்ணயக் கட்டளைச் சட்டம். வடக்கில் ஏறத்தாழ 5,940 ஏக்கருக்கு மூன்று மாதத்துள் உரிமை கோராவிடில் அரச காணி என்றார்கள். ஜூனில் உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது. சட்டம் எதுவாயினும், தவணை தவறியவனே முதலில் தோற்கிறான்.

வாகரையில் பலரிடம் இருப்பது உறுதியன்று, அனுமதிப்பத்திரம். அதனையும் அறிவித்தலும் விசாரணையுமின்றி இரத்துச் செய்யலாகாது. கடற்கோளிலும் போரிலும் பத்திரம் இழந்தோர், உறுதியின் பிரதியைக் காணிப் பதிவகத்திலும், அனுமதிப்பத்திரப் பதிவைப் பிரதேச செயலகத்திலும் எழுத்தில் கேளுங்கள். பதிவுத் தபாலில் அனுப்பி, அத்துண்டைப் பத்திரப்படுத்துங்கள். வாயாற் கேட்டவனுக்கு "நாளை வா" என்பதுதான் கந்தோர் வழக்கம்.

கூட்டம் முடிந்ததும் சட்டத்தரணிகள் இம்மேசையில் இருப்பார்கள். பத்திரம் இல்லாதோர் முதலில் வாருங்கள்.