வரதட்சணை மரணமும் சாதியின் பங்கும்

(காஞ்சிபுரத்தில் பேசிய உரையின் எழுத்து வடிவம்)



ஊர் உலகத்துக்கெல்லாம் முகூர்த்தப் பட்டு நெய்து தருகிற ஊரில் நின்று பேசுகிறேன். அந்தப் பட்டோடு எத்தனை பவுன் போனது, கட்டிப் போன பெண் எப்படி இருக்கிறாள் என்றும் நாம் கேட்க வேண்டும்.

2025 ஜூனில் அவிநாசி அருகே ஒரு பெண் இறந்தார். மணமாகி மூன்று மாதம்கூட ஆகவில்லை. சாவதற்கு முன் தந்தைக்கு வாட்ஸ்அப்பில் குரல் பதிவு அனுப்பியிருந்தார். கணவரும் அவரைப் பெற்றவர்களும் கைதானார்கள். குற்றம் யாருடையது என்பதை நீதிமன்றம் சொல்லட்டும். சட்டம் என்ன சொல்கிறது என்பதை நாம் தெரிந்துகொள்வோம்.

1961ஆம் ஆண்டுச் சட்டப்படி வரதட்சணை வாங்குவதும் குற்றம், கொடுப்பதும் குற்றம். அது போதாமல் 1986இல் இந்திய தண்டனைச் சட்டத்தில் 304பி சேர்க்கப்பட்டது. இன்று அது பாரதிய நியாய சன்ஹிதாவின் 80ஆவது பிரிவு. மணமாகி 7 ஆண்டுக்குள் ஒரு பெண் இயல்புக்கு மாறாக இறக்கிறாள். அதற்குச் சற்று முன்பு வரதட்சணைக்காகக் கணவனோ அவன் உறவினரோ அவளைக் கொடுமைப்படுத்தியிருக்கிறார்கள் என்றால் அது வரதட்சணை மரணம். தண்டனை குறைந்தது 7 ஆண்டு, அதிகபட்சம் ஆயுள். தற்கொலை என்று சொல்லித் தப்ப முடியாது. 'சற்று முன்பு' என்றால் முந்தைய நாள் என்று பொருளல்ல, கொடுமைக்கும் சாவுக்கும் தொடர்பு அறுபடாமல் இருந்தால் போதும் என்று 2021இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. வீடு கட்டப் பணம் கேட்டதும் வரதட்சணைதான் என்று 2022இல் சொன்னது.

ஆனால் கொடுமை நடந்ததை முதலில் நிரூபிக்க வேண்டும். அதற்கு யார் சாட்சி? அவள் அழுதுகொண்டு வந்தபோது "அனுசரிச்சுப் போம்மா" என்று திருப்பி அனுப்பிய வீட்டில் ஒரு புகார் மனுகூட இருக்காது. சாவுக்குப் பிறகு கோட்டாட்சியர் விசாரணையில்தான் முதல்முறையாக வாய் திறக்கிறோம்.

ஏன் திருப்பி அனுப்புகிறோம்? சாதிசனம் என்ன சொல்லும் என்ற பயம். சொந்த சாதிக்குள்தான் மாப்பிள்ளை தேடுவோம் என்பதால்தான் மாப்பிள்ளைக்கு விலை ஏறுகிறது. அகமணம்தான் சாதியின் அடித்தளம் என்று அம்பேத்கர் 1916லேயே காட்டினார். பெண்ணுக்குச் சம சொத்துரிமை வேண்டும் என்று 1929இல், இதோ பக்கத்துச் செங்கல்பட்டில், சுயமரியாதை மாநாடு தீர்மானம் போட்டது. சுயமரியாதைத் திருமணத்தை 1967இல் சட்டமாக்கிய அண்ணா இந்த ஊர்க்காரர்.

சட்டம் அவள் செத்த பிறகு வரும். நாம் அதற்கு முன்பே போக வேண்டும். சீர் கேட்கிற கல்யாணத்துக்குப் போகாதீர்கள். தங்கை போனில் அழுதால் பதிவை அழிக்காதீர்கள், அன்றைக்கே மகளிர் காவல் நிலையத்துக்குப் போங்கள். திரும்பி வருகிறவளுக்குக் கதவைத் திறந்து வையுங்கள்.