வாசல் வரை வந்த வாக்குரிமை



சட்டத்தில் ஓர் உரிமை எழுதப்பட்டுவிட்டால் வேலை முடிந்தது என்று நாம் இருந்துவிடுகிறோம். அதன் பிறகும் பாதி வேலை இருக்கிறது என்று காட்டிய ஒரு பெண்மணியைப் பற்றி இன்று பேச விரும்புகிறோம். அவர் அமெரிக்காவின் கறுப்பினப் போராளி ஐடா பி. வெல்ஸ்.

1862-ல் மிசிசிப்பி மாநிலத்தில் அடிமைக் குடும்பத்தில் பிறந்தவர். 1878-ல் மஞ்சள் காய்ச்சலில் பெற்றோர் இருவரும் இறந்தனர். 16 வயதில் ஆசிரியை வேலைக்குப் போய், உடன்பிறந்தவர்களைச் சிதறவிடாமல் காப்பாற்றினார். 1892-ல் மெம்பிஸ் நகரில் மளிகைக் கடை நடத்திய மூன்று கறுப்பின ஆண்களை ஒரு கும்பல் கொன்றது. அதைக் கண்டித்து அவர் எழுதியதால் அவருடைய பத்திரிகை அலுவலகத்தை அடித்து நொறுக்கினார்கள்.

பின்னர் சிகாகோவில் குடியேறி, 1913-ல் கறுப்பினப் பெண்களுக்காக ஆல்ஃபா வாக்குரிமைச் சங்கத்தைத் தொடங்கினார். அந்த மார்ச் மாதம் வாஷிங்டனில் பெண்கள் வாக்குரிமைப் பேரணி நடந்தது. கறுப்பினப் பெண்கள் கடைசியில் வரட்டும் என்றார்கள். அவர் இணங்கவில்லை. வழியோரக் கூட்டத்தில் நின்றிருந்து, இல்லினாய் மாநில அணி வந்ததும் அதில் சேர்ந்து நடந்தார்.

அதே ஆண்டு இல்லினாயில் பெண்களுக்கு அதிபர் தேர்தலிலும் நகரத் தேர்தலிலும் வாக்குரிமை கிடைத்தது. ஆனால் பட்டியலில் பெயர் இருந்தால்தானே வாக்கு? சங்கத்துப் பெண்கள் வீடு வீடாகப் போய்ப் பெயர் பதியச் சொன்னார்கள். வீட்டுக்குப் போய்ப் பிள்ளையைக் கவனியுங்கள் என்று அவர்கள் இன ஆண்களே கேலி செய்தார்கள். சோர்ந்து திரும்பிய பெண்களை வெல்ஸ் மறுபடியும் அனுப்பினார். நகர மன்றத்தில் நம்மவர் ஒருவர் அமர வேண்டும், அதற்காகத்தான் வந்தோம் என்று எடுத்துச் சொல்லச் சொன்னார்.

1914-ல் சங்கம் ஆதரித்த வேட்பாளர் குறைந்த வாக்குகளில் தோற்றார். அவர்கள் விடவில்லை. 1915-ல் ஆஸ்கர் டி பிரீஸ்ட் வென்று, சிகாகோ நகர மன்றத்தின் முதல் கறுப்பின உறுப்பினரானார்.

பேரணியில் நடந்ததைப் பலரும் நினைவுகூர்கிறார்கள். கேலியைக் கேட்டுக்கொண்டே கதவு கதவாகத் தட்டிய அந்தப் பெண்களின் பெயர்கள் பலருக்குத் தெரியாது. சட்டம் தந்த உரிமையை வாசல் வரை கொண்டு சேர்த்தவர்கள் அவர்கள்தாம். அந்த வேலைக்கு ஆள் எப்போதும் தேவை.