ஆர்க்கிட் வேருக்கும் காற்று வேண்டும்

தொட்டியில் வளர்க்கும் ஆர்க்கிட்டின் இலை துவண்டால், தண்ணீர் போதவில்லை என்று நினைத்து இன்னொரு சொம்பு ஊற்றிவிடுகிறோம். பெரும்பாலும் கோளாறு அங்கேதான்! ஈரம் கூடி வேர் அழுகினாலும் இலை துவளும்.

நாம் விரும்பி வளர்க்கும் டென்ட்ரோபியம், ஃபெலனாப்சிஸ் போன்றவை காட்டில் மரக்கிளையைப் பற்றி வளர்பவை. அவற்றின் வேரைச் சுற்றி 'வெலமென்' என்ற உறை உண்டு. மழை பட்டதும் பஞ்சுபோல் நீரை உறிஞ்சிக்கொள்ளும். மண்ணில் புதைத்தால் காற்றில்லாமல் வேர் அழுகிவிடும். அதனால் மண் வேண்டாம்; கரித்துண்டு, ஓட்டுச்சில்லு, தேங்காய் மட்டைத் துண்டு போதும். தொட்டியில் நிறைய துளைகள் இருக்கட்டும்.

எப்போது தண்ணீர் ஊற்றுவது? வேரே சொல்லும். வெள்ளி நிறமாக வெளுத்திருந்தால் தாகம். பச்சையாக இருந்தால் இன்னும் ஈரம் இருக்கிறது. காலையில் நன்றாக நனைத்து, நீரை முழுதும் வடியவிடுங்கள்.

பழுப்பேறி, அமுக்கினால் கொழகொழவென்று இருக்கும் வேரை, தீயில் காட்டி ஆறவைத்த கத்தரியால் நறுக்கிவிடுங்கள். தொட்டிக்கு வெளியே நீளும் வேர் நல்ல வேர்தான். அதை உள்ளே திணிக்காதீர்கள், ஒடிந்துவிடும்.