மெய்ப்பிக்கும் சுமை யார் தலையில்?

(வைட்ஃபீல்ட் தமிழ்த் தொழிலாளர் குடும்பக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



2020 ஜனவரியில், நம் வைட்ஃபீல்ட் அடங்கிய மகாதேவபுர மண்டலத்திலேயே, கரியம்மன அக்ரகாரத்தில் தொழிலாளர் குடிசைகளை இடித்துத் தள்ளினார்கள். சொன்ன காரணம், "வங்கதேசத்தார்". இருந்தவர்களில் பலர் அசாமிலிருந்தும் திரிபுராவிலிருந்தும் வட கர்நாடகத்திலிருந்தும் பிழைக்க வந்த இந்தியர்கள். ஆதாரும் வாக்காளர் அட்டையும் வைத்திருந்தவர்கள். மக்கள் சிவில் உரிமைக் கழகம் வழக்குப் போட்ட பிறகே உயர் நீதிமன்றம் தடை விதித்தது.

திருட்டு வழக்கில் குற்றத்தை மெய்ப்பிக்க வேண்டியது போலீஸ். வெளிநாட்டவர் சட்டத்திலோ எல்லாம் தலைகீழ். 1946ஆம் ஆண்டுச் சட்டமானாலும், அதன் இடத்தில் 2025இல் வந்த புதுச் சட்டமானாலும், "நான் அந்நியனல்ல" என்று மெய்ப்பிக்கும் சுமை பிடிபட்டவன் தலையில்! முடியாதவனுக்குத் தடுப்பு முகாம். நெலமங்கலம் பக்கம் சொண்டேகொப்பாவில் பழைய மாணவர் விடுதியொன்றை அப்படித்தான் முகாமாக்கினார்கள். எந்த நாடும் "இவன் எம்மவன்" என்று ஏற்காவிட்டால் அவனை எங்கே அனுப்புவது? காத்திருப்புக்குக் கணக்கேயில்லை.

தமிழருக்கு இது புதிதல்ல. 1948இல் இலங்கை அரசு மலையகத் தமிழரின் குடியுரிமையைப் பறித்தது. 1964இல் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவின் பங்கு என்று பிரித்தது. தேயிலை கிள்ளிய கைகளை யார் கேட்டார்கள்?

ஆகவே, பிறப்புச் சான்று, பள்ளிச் சான்று, ரேஷன் அட்டை எல்லாவற்றையும் பத்திரப்படுத்துங்கள். இடிக்க வந்தால் எழுத்து மூலமான உத்தரவைக் கேளுங்கள். பிடித்துப்போனால் உடனே வக்கீலைத் தேடுங்கள். பக்கத்துக் குடிசைக்காரன் வங்காளி பேசுகிறான் என்று ஒதுங்காதீர்கள். மொழியை வைத்து ஒருவனை அந்நியனாக்கலாம் என்றால், கர்நாடகத்தில் தமிழ் பேசும் நாம் எங்கே நிற்போம்?