அச்சம் ஆளும் ஊரில் சாட்சி சொல்பவர் யார்?

(பெங்களூரு விவேக் நகரில் கட்சி உறுப்பினர்களிடையே ஆற்றிய உரையின் சுருக்கம்)



ஒரு கிராமத்தில் கொடுமை நிகழ்கிறது. செய்தவர் யாரென்று தெரியவில்லை. அரசு விரைந்து நேர்மையான விடை தராவிட்டால், அந்த இடத்தை ஐயம் பிடித்துக்கொள்கிறது. ஐயமும் தண்ணீரைப் போலப் பள்ளம் நோக்கியே பாய்கிறது. சாதியத்தால் கீழே தள்ளப்பட்டவரின் வாசலில்தான் அது தேங்குகிறது.

புதுக்கோட்டை மாவட்டம் வேங்கைவயலில் தலித் மக்களின் குடிநீர்த் தொட்டியில் மனித மலம் கலக்கப்பட்ட கொடுமை 2022 டிசம்பர் 26 அன்று தெரியவந்தது. குழந்தைகள் நோயுற்ற பிறகே அது வெளிப்பட்டது. நேரில் சென்ற அதிகாரிகள் இரட்டைக் குவளையையும் கோயில் நுழைவு மறுப்பையும் கண்டனர். அடுத்த மாதமே வழக்கு சிபிசிஐடிக்கு மாற்றப்பட்டது. இரண்டு ஆண்டுகள் ஓடின. பாதிக்கப்பட்ட மக்களே மரபணு சோதனைக்கு அழைக்கப்பட்டனர். 2025 ஜனவரியில், அதே குடியிருப்பைச் சேர்ந்த மூவர் மீது குற்றம் சுமத்தப்பட்டதாக அறிவிக்கப்பட்டது. அம்மக்கள் அதை ஏற்கவில்லை. மார்க்சிஸ்ட் கட்சியும் ஏற்கவில்லை. குற்றம் யாருடையது என்பதை நீதிமன்றம் முடிவு செய்யட்டும். ஆனால் தண்ணீரைப் பறிகொடுத்தவர்கள் இத்தனை காலமும் சந்தேகப் பட்டியலில் வாழ்ந்ததற்கு யார் பொறுப்பு?

இது தமிழ்நாட்டோடு முடிவதன்று. இதே கர்நாடகத்தில், சிந்தாமணி வட்டம் கம்பாலப்பள்ளியில் 2000 மார்ச் 11 அன்று ஏழு தலித்துகள் எரித்துக் கொல்லப்பட்டனர். வழக்கு விசாரணையில் சாட்சிகள் பிறழ்ந்தனர். 2006இல் குற்றஞ்சாட்டப்பட்டோர் விடுதலையாயினர். 2014இல் உயர்நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. ஏழு உயிர்கள் போயின. சட்டத்தின் ஏட்டில் கொன்றவர் எவருமில்லை.

சாட்சிகளைக் கோழைகள் என்று பழிப்பது எளிது. சாட்சி சொன்னவர் மறுநாள் எவர் நிலத்தில் கூலிக்குப் போவார்? எவரிடம் கடன் கேட்பார்? அச்சத்தின் வேர் நிலவுடைமையில் இருக்கிறது. மனத்தில் மட்டும் இல்லை.

வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 2015இல் செய்யப்பட்ட திருத்தம், பாதிக்கப்பட்டோருக்கும் சாட்சிகளுக்கும் பாதுகாப்பை உரிமையாக்கியது. அவ்வுரிமை தானாக ஊருக்குள் நடந்து வராது. புகார் பதிவாகும் நாள் முதல் தீர்ப்பு நாள் வரை, சாட்சியின் வீட்டுக்கும் நீதிமன்றத்துக்கும் இடையே சங்கம் துணை நிற்க வேண்டும்.

விவேக் நகரில் வாழும் தோழர்களில் பலருக்கு ஊர் உறவு இன்னும் அறுந்துவிடவில்லை. திருவிழாவுக்கு ஊர் செல்லும்போது, அங்கே அஞ்சி வாய்மூடியிருப்பவரின் வீட்டுக்கும் செல்லுங்கள். தனியாக இல்லை என்று அறிந்தவரே வாய் திறப்பார்.